சாலிஷ் கடலில் திமிங்கலங்களைக் கரையிலிருந்து கண்டு, பயன்படும்படி தகவல் தருவது எப்படி

அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தையும் கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியாவையும் ஒட்டி, பியூஜெட் சவுண்ட், ஹுவான் டி ஃபூகா நீரிணை, ஜார்ஜியா நீரிணை ஆகிய மூன்றும் சேர்ந்த உள்கடல் பரப்பு சாலிஷ் கடல் எனப்படுகிறது. இதன் கரையோரங்களில் வசிப்பவர்கள் படகு ஏறாமலேயே, நிற்கும் இடத்திலிருந்தே ஓர்காக்களையும் (கறுப்பு வெள்ளை நிறக் கொலையாளித் திமிங்கலங்கள்) வேறு சில திமிங்கலங்களையும் காண முடியும். கண்டதை உரிய இடத்தில் தெரிவித்தால், அந்தத் தகவல் ஆய்வாளர்களின் பதிவேட்டில் சேர்வதோடு, சில நிமிடங்களுக்குள் ஒரு சரக்குக் கப்பலை இயக்குபவரின் பார்வைக்கும் போய்ச் சேரக்கூடும். "இன்று காலை ஓர்கா பார்த்தோம், அற்புதமாக இருந்தது" என்று மட்டும் எழுதினால் இந்த இரண்டில் எதற்கும் அது உதவாது. நேரம், இடம், திசை, எண்ணிக்கை ஆகிய நான்கும் இருக்கும் ஒரு வரித் தகவல், இவை இல்லாத அழகான புகைப்படத்தைவிட மதிப்பு மிக்கது.

பொதுமக்களின் கண்களை நம்பி இந்தக் கரையில் ஒரு பெரிய காரியம் முன்பே நடந்திருக்கிறது. 1960களிலும் 1970களின் முற்பகுதியிலும் காட்சிக்கூடங்களுக்கு விற்பதற்காக ஓர்காக்களை வலைவீசிப் பிடித்துக்கொண்டிருந்தார்கள். கடலில் அவை ஆயிரக்கணக்கில் இருப்பதாகவே பலரும் எண்ணியிருந்தார்கள். 1971ஆம் ஆண்டில் கனடிய அரசின் உயிரியலாளர் மைக்கேல் பிக், கலங்கரை விளக்கக் காவலர்கள், மீனவர்கள், படகோட்டிகள் என்று கடலைப் பார்த்தபடியே வாழ்ந்தவர்களுக்குச் சுமார் 15,000 வினாத்தாள்களை அனுப்பி, குறிப்பிட்ட ஒரு கோடை நாளில் எங்கே எத்தனை ஓர்காக்கள் தென்பட்டன என்று எழுதச் சொன்னார். வந்த விடைகளைக் கூட்டிப் பார்த்தபோது எண்ணிக்கை சில நூறுகளைத் தாண்டவில்லை. அதன் பிறகு அவரும் உடன் பணியாற்றியவர்களும், ஒவ்வோர் ஓர்காவின் முதுகுத் துடுப்பிலும் அதன் பின்னால் உள்ள சாம்பல் நிறத் திட்டிலும் இருக்கும் தனி அடையாளங்களைப் படம் பிடித்து, விலங்குகளை ஒவ்வொன்றாக இனங்காணும் முறையை நிலைநாட்டினார்கள். அதே முறையில், மீன் உண்ணும் தெற்கு ரெசிடென்ட் வகை ஓர்காக்களின் கணக்கெடுப்பை ஆய்வாளர் கென் பால்கம் 1976இல் சான் ஹுவான் தீவில் தொடங்கினார்; அவர் நிறுவிய திமிங்கல ஆய்வு மையம் அதை இன்றும் ஆண்டுதோறும் நடத்தி வருகிறது.

எங்கே, எப்போது நிற்பது

உயரமான, கடலுக்குள் நீண்டிருக்கும் முனைகளே சிறந்தவை. காரணம் எளிது: நீரோட்டம் அங்கே நெருங்கி ஓடுகிறது, மீன் அங்கே திரள்கிறது, திமிங்கலமும் கரையை ஒட்டியே செல்ல நேர்கிறது. சான் ஹுவான் தீவின் மேற்குக் கரையில் உள்ள லைம் கில்ன் பாயின்ட் மாநிலப் பூங்கா இதற்குப் பெயர் பெற்றது; அங்கே பாறைக்கு அருகிலேயே கடல் சட்டென்று ஆழமாகிவிடுவதால், ஓர்காக்கள் கெல்ப் பாசிப் படலத்தின் விளிம்பை உரசியபடி செல்வதைக் காணலாம். பியூஜெட் சவுண்டில் பாயின்ட் நோ பாயின்ட், சியாட்டிலின் ஆல்கை முனை, மோரி தீவின் பாயின்ட் ராபின்சன், விட்பி தீவின் மேற்குக் கரையில் ஃபோர்ட் கேசி ஆகியவையும், கனடியப் பக்கத்தில் சடூர்னா தீவின் கிழக்கு முனையும் நல்ல இடங்கள். வாஷிங்டன் மாநிலப் பயணிகள் கப்பலில் தினமும் வேலைக்குச் சென்று வருபவர்களுக்கு, அதன் மேல்தளமே நகரும் காவல் மேடையாக அமைந்துவிடுகிறது.

பருவத்தைப் பொறுத்தவரை, எந்தத் திமிங்கலத்தை எதிர்பார்க்கிறோம் என்பதை வைத்தே பேச வேண்டும். மார்ச் முதல் மே வரை சாம்பல் திமிங்கலங்களின் காலம். மெக்சிகோவின் பாஹா கலிஃபோர்னியாவிலிருந்து ஆர்க்டிக் பகுதிக்குச் செல்லும் பெரும் கூட்டத்திலிருந்து ஒரு சிறு குழு ஆண்டுதோறும் விலகி, விட்பி, கமானோ தீவுகளைச் சுற்றியுள்ள சேற்றுத் திட்டுகளுக்கு வருகிறது. இவற்றுக்கு சவுண்டர்ஸ் என்று பெயர். கடல் ஏற்றத்தின்போது, நீர் போதுமான அளவு உயர்ந்தவுடன் கரைக்கு மிக நெருங்கி வந்து, பக்கவாட்டில் சாய்ந்து, சேற்றுக்குள் வளை தோண்டி வாழும் இறால் வகையை மண்ணோடு உறிஞ்சி வடிகட்டித் தின்கின்றன. நீர் வற்றிய பின் அதே இடத்துக்குச் சென்று பார்த்தால், ஒரு மனிதர் படுக்கும் அளவுக்கான நீள்வட்டப் பள்ளங்கள் வரிசையாகத் தெரியும். திமிங்கலத்தையே காணாதவருக்கும் அது வந்து போனதற்கான சான்று அது. ஆகவே சாம்பல் திமிங்கலத்துக்காகக் காத்திருப்பவர்கள் கடிகாரத்தைவிடக் கடலின் ஏற்றவற்ற அட்டவணையைப் பார்ப்பது நல்லது.

தெற்கு ரெசிடென்ட் ஓர்காக்கள் முன்பெல்லாம் கோடை முழுவதும் சான் ஹுவான் தீவுகளைச் சுற்றியே காணப்பட்டன. அண்மை ஆண்டுகளில் கோடையில் அவற்றின் வருகை குறைந்து, ஒழுங்கற்றும் போய்விட்டது. இலையுதிர் காலத்தில் சம் சால்மன் என்னும் மீன்கள் ஆறுகளுக்குத் திரும்பும்போது, அவற்றைத் தொடர்ந்து பியூஜெட் சவுண்டின் உள்பகுதிக்கு வருவது இன்னும் தொடர்கிறது. கடல் பாலூட்டிகளை வேட்டையாடும் பிக்ஸ் ஓர்காக்கள் ஆண்டு முழுவதும் வரும். கூன்முதுகுத் திமிங்கலங்கள் வசந்தத்தில் வரத் தொடங்கி இலையுதிர் காலம் வரை தங்கும்.

காற்று ஓய்ந்து, வானம் மேகமூட்டமாக இருக்கும் நாளையே தேர்ந்தெடுங்கள். வெண்ணுரை அலைகள் எழத் தொடங்கிவிட்டால், முதுகுத் துடுப்பையும் அலையையும் பிரித்தறிவது பழகியவர்களுக்கே கடினம். மாலை வெயில் நீரில் பட்டு மின்னும் திசையைத் தவிர்க்க வேண்டும். கருவி என்று பார்த்தால் ஏழு அல்லது எட்டு மடங்கு பெரிதாக்கும் சாதாரண பைனாகுலர் போதும். அதைவிடச் சக்தி கூடியது கையில் நடுங்கும். அதையும் முதலிலேயே கண்ணில் வைத்துவிட வேண்டாம். வெறும் கண்ணால் பரப்பு முழுவதையும் மெதுவாக இடமிருந்து வலமாகத் துழாவி, ஏதாவது மாறுபட்டுத் தெரிந்த பிறகே பைனாகுலரை எடுக்க வேண்டும்.

கண்ணில் படுவதைப் படிப்பது

பெரும்பாலும் முதலில் தெரிவது உடல் அல்ல, மூச்சு. கூன்முதுகுத் திமிங்கலத்தின் மூச்சு அடர்ந்து, புதர் போல உயர்ந்து நின்று, காற்றில்லாத நாளில் பல நொடிகள் கலையாமல் இருக்கும். அதன் பின்னால் சிறிய, தட்டையான துடுப்பும் அதன் அடியில் ஒரு கூனும் தெரியும், ஆழமாக மூழ்கப் போகும்போது முதுகை வளைத்து வால் முழுவதையும் நீருக்கு மேலே தூக்கும். சாம்பல் திமிங்கலத்தின் மூச்சு நேராக முன்னாலிருந்தோ பின்னாலிருந்தோ பார்த்தால் இதய வடிவில் இருக்கும். அதற்கு முதுகுத் துடுப்பே கிடையாது, ஒரு சிறு மேடும் அதைத் தொடர்ந்து வால் வரை கணுக்கணுவாகப் புடைப்புகளும் இருக்கும், தோலில் வெளிறிய புள்ளிகளும் ஒட்டி வாழும் பார்னக்கிள் என்னும் ஓட்டுயிரிகளும் தெரியும். மின்க் திமிங்கலம் வந்து போவது பலருக்குத் தெரியவே தெரியாது: அதன் மூச்சு கண்ணுக்கு அநேகமாகப் புலப்படாது, அரிவாள் போல் வளைந்த சிறு துடுப்பு ஒன்றிரண்டு முறை எழுந்து மறையும், வாலைக் காட்டாது.

ஓர்காவின் மூச்சு இவற்றைவிடத் தாழ்வானது. ஆனால் அதன் துடுப்பை வேறெதனோடும் குழப்பிக்கொள்ள முடியாது. வளர்ந்த ஆணின் முதுகுத் துடுப்பு 1.8 மீட்டர் வரை செங்குத்தாக நிற்கும். பெண்ணுக்கும் இளையவற்றுக்கும் அதில் பாதிக்கும் குறைவான, பின்னோக்கி வளைந்த துடுப்பு. பதின்ம வயது ஆணின் துடுப்பு இவ்விரண்டுக்கும் இடைப்பட்டதாக இருப்பதால், உயரத்தை மட்டும் வைத்துப் பெண் என்று முடிவு கட்டிவிட முடியாது.

இங்கே அடிக்கடி நேரும் பிழை ஒன்று உண்டு. டால்ஸ் போர்பாய்ஸ் என்னும் சிறிய கடல் விலங்கும் கறுப்பு வெள்ளையாகவே இருக்கும். படகின் முன்னால் பாய்ந்து செல்லும்போது நீரைச் சேவல் வால் போல் பின்னால் வாரி இறைக்கும். இதைப் பார்த்துவிட்டு ஓர்காக் குட்டிகள் தனியாகத் திரிகின்றன என்று கலங்கித் தகவல் தருபவர்கள் இருக்கிறார்கள். ஓர்காக் குட்டி தாயை விட்டுத் தனியே செல்வதில்லை. பெரிய துடுப்பு எதுவும் அருகில் இல்லாமல் சிறியவை மட்டும் தெரிந்தால், அவை போர்பாய்ஸ்களாக இருக்கவே வாய்ப்பு அதிகம். துறைமுகப் போர்பாய்ஸ் இன்னும் சிறியது, பழுப்பு கலந்த சாம்பல் நிறம், முக்கோணத் துடுப்பு. நீரில் சக்கரம் உருள்வது போல் ஒருமுறை எழுந்து அமைதியாக மறையும்.

எந்த ஓர்கா

சாலிஷ் கடலுக்கு வழக்கமாக வரும் ஓர்காக்கள் இரண்டு வகை. ஒரே நீரில் திரிந்தாலும் இவை ஒன்றோடொன்று கலப்பதில்லை, ஒரே உணவைத் தின்பதுமில்லை. தெற்கு ரெசிடென்ட் ஓர்காக்கள் மீன் உண்பவை. அவற்றுள்ளும் சினூக் சால்மனையே மிகுதியாக நாடுபவை. ஜே, கே, எல் என்று மூன்று குழுக்களாகப் பிரிந்து, தாய்வழிக் குடும்பமாக, ஆணும் பெண்ணும் ஆயுள் முழுவதும் தாயின் பக்கத்திலேயே வாழ்கின்றன. கனடாவில் 2003 முதலும் அமெரிக்காவில் 2005 முதலும் அழியும் ஆபத்திலுள்ளவையாகப் பட்டியலிடப்பட்டிருக்கும் இவற்றின் எண்ணிக்கை அண்மை ஆண்டுகளில் 70க்கும் 80க்கும் இடையிலேயே நிற்கிறது. பிக்ஸ் ஓர்காக்கள், மைக்கேல் பிக்கின் நினைவாகப் பெயர் பெற்றவை. சீல், கடற்சிங்கம், போர்பாய்ஸ் ஆகியவற்றை வேட்டையாடுபவை. இவற்றின் எண்ணிக்கை பெருகி வருகிறது, இன்று இக்கரைகளில் அடிக்கடி தென்படுபவையும் இவைதான்.

கரையிலிருந்து இவற்றைப் பிரித்தறிய, முதலில் நடத்தையைப் பாருங்கள், பிறகு துடுப்பைப் பாருங்கள். மூன்று முதல் ஆறு வரையான சிறு கூட்டம், ஐந்து நிமிடங்களுக்கும் மேலாக, சில வேளை பத்து நிமிடங்கள் வரை மூழ்கியிருந்து, எதிர்பாராத இடத்தில் எழுவது, கரையின் ஒவ்வொரு வளைவுக்குள்ளும் நுழைந்து சீல்கள் படுத்திருக்கும் பாறைகளைச் சுற்றிவருவது, இவை பிக்ஸ் ஓர்காக்களின் குணம். நீண்ட தொலைவுக்குச் சிதறிப் பரவி, ஒரே திசையில் நகர்ந்து, அடிக்கடி திரும்பிச் சுழன்று மீன் துரத்துவதும், குதிப்பதும், வாலால் அறைவதும் ரெசிடென்ட் கூட்டத்தில் மிகுதி. கடற்பறவைகள் திடீரென்று இறங்கி நீரில் எதையோ கொத்தினால், அங்கே பாலூட்டி ஒன்று கொல்லப்பட்டிருக்கலாம். அப்போது அது பிக்ஸ் ஓர்கா என்பது அநேகமாக உறுதி.

துடுப்பு நன்றாகத் தெரியும் தொலைவில் இருந்தால், நுனியைக் கவனியுங்கள். ரெசிடென்ட்டின் துடுப்பு நுனி உருண்டு, பின்புறம் இறங்கும் இடத்தில் சற்றுக் கோணமாக இருக்கும். பிக்ஸ் ஓர்காவின் நுனி கூர்மையாக இருக்கும், அடிப்பகுதி அகன்றிருக்கும், பின்விளிம்பில் வேட்டைக் காயங்களால் வெட்டுகள் விழுந்திருப்பதும் வழக்கம். துடுப்புக்குப் பின்னால் முதுகில் உள்ள சாம்பல் திட்டு, பிக்ஸ் ஓர்காவில் ஒரே நிறமாக அகன்று, முன்னோக்கி நீண்டு நிரம்பியிருக்கும். ரெசிடென்ட்களில் பலவற்றுக்கு அந்தத் திட்டுக்குள் கறுப்பு நிறம் விரல் நீட்டியது போல் ஊடுருவியிருக்கும். எல்லா ரெசிடென்ட்டுக்கும் இப்படி இருப்பதில்லை. ஆகவே கறுப்பு ஊடுருவல் தெரிந்தால் அது ரெசிடென்ட், தெரியாவிட்டால் எதையும் முடிவு செய்ய இயலாது. இந்த ஒருவழிச் சான்றை மறந்துவிட்டு எழுதப்படும் தகவல்களே குழப்பத்தை உண்டாக்குகின்றன.

காதாலும் அறியலாம். பிக்ஸ் ஓர்காக்கள் வேட்டையின்போது பேச்சை அடக்கிக்கொள்கின்றன, ஏனெனில் அவற்றின் இரைக்கும் காது கேட்கும். ரெசிடென்ட்கள் ஓயாது பேசுபவை. ஒவ்வொரு குழுவுக்கும் தனித்த ஒலிகள் உண்டு. சான் ஹுவான் தீவு உள்ளிட்ட சில இடங்களில் நீருக்கடியில் பொருத்தப்பட்டுள்ள ஒலிவாங்கிகளின் நேரலை ஒலியை ஓர்காசவுண்ட் என்னும் அமைப்பு யாரும் கேட்கும்படி தருகிறது; இரவில் பார்வைக்கு வழியில்லாத நேரத்தில், கூட்டம் கடந்து சென்றதை இப்படிக் கேட்டே பலர் அறிவிக்கிறார்கள்.

தகவலை எழுதும் முறை

பார்த்த உடனே முதலில் நேரத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். விலங்கு மறைந்த பிறகு, வீடு வந்து சேர்ந்து, நினைவிலிருந்து எழுதும் நேரம் அரைமணி வரை விலகிவிடும். அந்த அரைமணியில் ஓர்கா பல கிலோமீட்டர் போய்விடும். அடுத்து, நீங்கள் நின்ற இடத்தையும் விலங்கு இருந்த இடத்தையும் தனித்தனியே எழுத வேண்டும். "ஆல்கையில்" என்று மட்டும் எழுதினால் போதாது. ஆல்கை கலங்கரை விளக்கத்திலிருந்து மேற்கே, கால்வாயின் நடுவில், கிழக்குக் கரையைவிட மேற்குக் கரைக்கு அருகில் என்று எழுதினால், அடுத்த முனையில் காத்திருப்பவர் எந்தக் கரைக்குச் செல்லலாம் என்று தீர்மானித்துவிடுவார்.

திசையில்தான் புதியவர்கள் அதிகம் தடுமாறுகிறார்கள். தாம் எந்தத் திசையைப் பார்த்து நிற்கிறோமோ அதையே எழுதிவிடுகிறார்கள். தேவைப்படுவது விலங்கு செல்லும் திசை. குறைந்தது இரண்டு முறை அது மேலெழுவதைப் பார்த்து, தூரத்துக் கரையில் உள்ள ஒரு மரத்தையோ கட்டடத்தையோ ஆதாரமாக வைத்து, இடப்பக்கம் நகர்கிறதா வலப்பக்கம் நகர்கிறதா என்று உறுதிசெய்த பின், கைபேசியின் திசைகாட்டியைக் கொண்டு அதை வடக்கு தெற்காக மாற்றி எழுதுங்கள். ஓரிடத்திலேயே சுற்றிக்கொண்டிருந்தால், திசை இல்லை, இரை தேடுகிறது என்று எழுதுவதே சரியான தகவல்.

எண்ணிக்கையைக் குறைந்தது, அதிகபட்சம் என்று இரண்டாகத் தருவது நல்லது. ஒரே சமயத்தில் நீருக்கு மேலே தெரிந்தவை குறைந்தபட்சம். மூழ்கியிருக்கக்கூடியவற்றைச் சேர்த்து நீங்கள் ஊகிப்பது அதிகபட்சம். உயரமான துடுப்பு எத்தனை, மிகச் சிறிய குட்டி உண்டா, அதன் வெள்ளைப் பகுதிகள் ஆரஞ்சு நிறமாக இருந்தனவா என்பவையும் பயன்படும். பிறந்து அதிக காலமாகாத குட்டிகளுக்கே அந்நிறம் இருக்கும். ஒரு மாதிரித் தகவல் இப்படி அமையலாம்: "பிற்பகல் 2:40. பாயின்ட் நோ பாயின்ட் கலங்கரை விளக்கத்தில் நிற்கிறேன். கிழக்கே, கால்வாயின் நடுவுக்குச் சற்று இப்பால், ஓர்காக்கள் குறைந்தது நான்கு, அதிகம் போனால் ஆறு. உயரமான துடுப்பு ஒன்று. நிதானமாகத் தெற்கு நோக்கிச் செல்கின்றன. எந்த வகை என்று தெரியவில்லை." கடைசி வாக்கியத்தை எழுதத் தயங்க வேண்டியதில்லை. தெரியவில்லை என்று எழுதிய தகவலை ஆய்வாளர் படத்தைப் பார்த்து நிரப்பிக்கொள்வார். தவறான உறுதியோடு எழுதியது பதிவேட்டில் அப்படியே தங்கிவிடும்.

படம் எடுக்க முடிந்தால் துடுப்பும் அதன் பின்னுள்ள திட்டும் பக்கவாட்டில் தெரியும்படி எடுங்கள். இடப்பக்கமும் வலப்பக்கமும் ஒரே மாதிரி இருப்பதில்லை என்பதால் இரண்டும் கிடைத்தால் மிக நல்லது. மங்கலாக வந்ததையும் அழிக்காதீர்கள். துடுப்பின் பின்விளிம்பில் ஒரு வெட்டு தெரிந்தாலே பழகியவர்கள் பெயரைச் சொல்லிவிடுவார்கள். வெட்டித் திருத்தாத மூலப் படத்தை, அதில் பதிவான நேரத்தோடு வைத்திருங்கள்.

யாரிடம் தருவது

2001இல் விட்பி தீவில் தொடங்கப்பட்ட ஓர்கா நெட்வொர்க், பியூஜெட் சவுண்டையும் சுற்றுப்புறத்தையும் சேர்ந்த பொதுமக்களின் தகவல்களைத் தொகுத்து வருகிறது. ஃபிரைடே ஹார்பரில் உள்ள திமிங்கல அருங்காட்சியகத்திடம் பல பத்தாண்டுக் காலப் பதிவுகள் இருக்கின்றன. கனடியக் கரையிலிருந்து பார்ப்பவர்கள் ஓஷன் வைஸ் அமைப்பின் வேல்ரிப்போர்ட் செயலி மூலம் தரலாம். வாஷிங்டன் பக்கத்திலும் பயன்படும் இந்தச் செயலிக்கு ஒரு தனிப் பயன் உண்டு: அதில் சேரும் தகவல் எச்சரிக்கையாக மாறி, பெரிய கப்பல்களின் மாலுமிகள், இழுவைப் படகினர், பயணிகள் கப்பல்களை இயக்குபவர்கள் ஆகியோருக்குச் செல்கிறது, அவர்கள் வேகத்தைக் குறைக்கலாம், வழியைச் சற்று விலக்கிக்கொள்ளலாம். பொதுமக்கள் பார்ப்பதற்காக அது வெளியிடப்படுவதில்லை. ஒரே காட்சியை இரண்டு இடங்களில் தந்தால் தவறில்லை, இரண்டிலும் ஒரே நேரத்தையும் ஒரே இடத்தையும் எழுதினால் போதும்.

நேரடியாக, அந்தக் கணமே எல்லோருக்கும் அறிவிப்பது சரியா என்பதில் கருத்து வேறுபாடு உண்டு. கரையில் நிற்பவர்களுக்குத் தெரிவிப்பதால் விலங்குக்கு எந்த இடைஞ்சலும் இல்லை. ஆனால் அதே செய்தி தனியார் படகுகளுக்கும் போகும். நெருக்கமான சிறு விரிகுடாவில் குட்டியோடு ஒரு குடும்பம் ஓய்வெடுத்துக்கொண்டிருந்தால், மாலுமிகளுக்கான எச்சரிக்கையை உடனே தந்துவிட்டு, பொது அறிவிப்பைக் கூட்டம் நகர்ந்த பிறகு தருவதே என் பார்வையில் முறையானது.

தகவல் சரியான கைக்குப் போய்ச் சேர்ந்தால் என்ன நடக்கும் என்பதற்கு ஸ்பிரிங்கர் என்னும் ஓர்கா ஒரு சான்று. 2002 ஜனவரியில் சியாட்டிலுக்கு அருகே வாஷான் தீவை ஒட்டிப் பயணிகள் கப்பல் செல்லும் தடத்தில், ஓர் இளம் ஓர்கா தனியாகத் திரிவதைக் கண்டு அறிவித்தார்கள். ஒலியையும் படங்களையும் வைத்து, அது தொலை வடக்கைச் சேர்ந்த ரெசிடென்ட் கூட்டத்தின் ஏ73 என்று அடையாளம் கண்டார்கள், தாய் இறந்துபோயிருந்தது. உடல் நலிந்திருந்த அதைக் கோடையில் பிடித்துச் சிகிச்சை அளித்து, ஜூலையில் வடக்கே ஜான்ஸ்டன் நீரிணைக்குக் கொண்டுசென்று விட்டபோது, அது தன் உறவினரோடு சேர்ந்துகொண்டது. 2013இல் ஸ்பிரிங்கர் ஒரு குட்டியோடு காணப்பட்டது.

சுற்றியுள்ளவர்களைச் சேர்த்துக்கொள்வது

தனியொருவர் நாள் முழுவதும் கடலைப் பார்த்துக்கொண்டிருக்க முடியாது. ஒரே கால்வாயின் வடமுனையில் ஒருவரும் தென்முனையில் ஒருவரும் தொலைபேசித் தொடர்பில் இருந்தாலே, கடந்து செல்லும் கூட்டத்தின் வேகமும் வழியும் தெரிந்துவிடும். விட்பி தீவின் லாங்லி நகரில் கடலைப் பார்த்தபடி ஒரு மணி தொங்குகிறது. திமிங்கலத்தைக் கண்டவர் அதை அடிக்க, கடையில் இருப்பவரும் தெருவில் நடப்பவரும் கரைக்கு வருவார்கள். இவ்வளவு எளிய ஏற்பாடே பள்ளிக் குழந்தைகளுக்கு எந்தப் பாடத்தையும்விட நன்றாகப் பதிகிறது.

வந்து நிற்பவர்களிடம் எதைச் சொல்வது என்பதையும் முன்கூட்டியே எண்ணி வைத்துக்கொள்வது நல்லது. 1970 ஆகஸ்டில் இதே விட்பி தீவின் பென் கோவ் விரிகுடாவில் ஓர்காக் கூட்டத்தை வளைத்துக் குட்டிகளைப் பிரித்துக் காட்சிக்கூடங்களுக்கு அனுப்பினார்கள். அப்படிச் சென்ற டோகிடே, மயாமியில் ஒரு தொட்டியிலேயே வாழ்ந்து 2023 ஆகஸ்டில் இறந்தது. அக்காலத்தில் ஏறத்தாழ ஒரு தலைமுறையையே இழந்த ரெசிடென்ட் கூட்டத்தை இன்று வாட்டுபவை மூன்று: சினூக் சால்மனின் குறைவு, மீன் வழியாகக் கொழுப்பில் சேரும் பிசிபி போன்ற நச்சுகள், எதிரொலியால் இரை தேடும் விலங்கின் காதை மறைக்கும் கப்பல் இரைச்சல். இவை மூன்றும் ஒன்றோடொன்று பின்னியவை. பசியில் கொழுப்பு கரையும்போது அதில் தங்கியிருந்த நச்சு இரத்தத்தில் கலக்கிறது. 2018இல் ஜே35 என்னும் தாய், இறந்த தன் குட்டியை 17 நாட்கள் சுமந்து திரிந்ததைப் பலரும் கேள்விப்பட்டிருப்பார்கள். அந்தச் செய்தியோடு நிறுத்திவிடாமல், சால்மன் ஏறும் ஓடைகளின் கரையில் நிழல் மரங்கள் ஏன் வேண்டும், மழைநீர் வடிகாலில் வாகன எண்ணெயை ஏன் ஊற்றக் கூடாது என்பது வரை பேச்சைக் கொண்டுவந்தால், கேட்பவர் வீட்டிலேயே செய்யக்கூடியது ஒன்று அவர் கையில் கிடைக்கிறது.

படகில் இருந்தால்

கரையில் இருப்பவருக்கு விதி எதுவும் தேவையில்லை, படகில் இருப்பவருக்கு உண்டு. வாஷிங்டன் மாநில நீர்ப்பரப்பில் 2025 ஜனவரி 1 முதல், தெற்கு ரெசிடென்ட் ஓர்காக்களிடமிருந்து 1,000 கெஜம், அதாவது சுமார் 914 மீட்டர், எல்லாத் திசைகளிலும் விலகியிருக்க வேண்டும். கயாக்கும் துடுப்புப் பலகையும் இதற்கு விலக்கல்ல. அரை கடல் மைல் தொலைவுக்குள் இருந்தால் வேகம் மணிக்கு ஏழு கடல் மைலைத் தாண்டக் கூடாது. மற்ற ஓர்காக்களிடமிருந்து கூட்டாட்சி விதிப்படி 200 கெஜம் விலகியிருப்பதும், அவை வரும் பாதையில் 400 கெஜத்துக்குள் நிற்காமல் இருப்பதும் கட்டாயம். கூன்முதுகு, சாம்பல், மின்க் திமிங்கலங்களுக்கு 100 கெஜம் என்பது வழிகாட்டுதல். கனடிய நீர்ப்பரப்பில் ஓர்காக்களுக்கான தொலைவும் தடைசெய்யப்பட்ட பகுதிகளும் ஆண்டுதோறும் புதிதாக அறிவிக்கப்படுவதால், அந்த ஆண்டின் அறிவிப்பைப் படித்த பின்பே புறப்பட வேண்டும்.

எந்த வகை ஓர்கா என்று படகிலிருந்து உறுதியாகச் சொல்ல முடியாவிட்டால், 1,000 கெஜத்தையே கடைப்பிடியுங்கள். திடீரென்று அருகில் எழுந்துவிட்டால், பாதுகாப்பாக முடியும் இடத்தில் இயந்திரத்தின் பல்லிணைப்பை விலக்கி, அவை கடந்து போகும் வரை காத்திருப்பதே வழி. ஆழத்தைக் காட்டும் ஒலிக்கருவி தேவைப்படாத நேரத்தில் அதை அணைத்து வைக்கலாம். ட்ரோனை வீட்டிலேயே விட்டுவிடுங்கள்.

விலங்கு துன்பத்தில் இருந்தால்

கரை ஒதுங்கிய அல்லது கயிற்றிலும் வலையிலும் சிக்கிய திமிங்கலத்தைக் கண்டால், மேலே சொன்ன தகவல் முறையோடு வேறொரு கடமையும் சேர்கிறது. அதைக் கடலுக்குள் தள்ள முயலக் கூடாது, நீர் ஊற்றுகிறோம் என்று நெருங்கக் கூடாது, கயிற்றை அறுக்கவே கூடாது. பாதி அறுந்த கயிறு உடலில் இன்னும் இறுகி, தொழில்முறை மீட்பினர் பிடித்து இழுக்க எதுவும் இல்லாமல் செய்துவிடும். நாய்களைக் கட்டிவையுங்கள், வேடிக்கை பார்ப்பவர்களை 100 கெஜத்துக்கு அப்பால் நிறுத்துங்கள். இறந்த விலங்கிலிருந்தும் பல்லையோ எலும்பையோ எடுப்பது 1972ஆம் ஆண்டின் கடல் பாலூட்டிகள் பாதுகாப்புச் சட்டப்படி அமெரிக்காவில் குற்றம். மேலும் அந்த உடலை ஆய்வு செய்துதான் பசியா, நோயா, கப்பல் மோதலா என்பதைக் கண்டறிகிறார்கள்.

அமெரிக்கக் கரையில் 1-866-767-6114 என்ற எண்ணையும், பிரிட்டிஷ் கொலம்பியாவில் 1-800-465-4336 என்ற எண்ணையும் உடனே அழைக்க வேண்டும். இடம், விலங்கின் நீளம் தோராயமாக, மூச்சு விடுகிறதா, நீர் ஏறுகிறதா வற்றுகிறதா, கயிறு இருந்தால் அதன் நிறமும் மிதவையில் உள்ள எண்ணும் ஆகியவற்றைத்தான் முதலில் கேட்பார்கள். தொலைவிலிருந்தே நான்கைந்து படங்கள் எடுத்து வைத்துக்கொண்டு, மீட்பினர் வரும் வரை அல்லது அவர்கள் போகச் சொல்லும் வரை, விலங்கு கண்ணுக்குத் தெரியும் இடத்திலேயே நில்லுங்கள். கடலில் சிக்கிய கயிற்றோடு நீந்திக்கொண்டிருக்கும் கூன்முதுகுத் திமிங்கலம் ஒருமுறை பார்வையிலிருந்து தப்பிவிட்டால், அதை மறுபடியும் கண்டுபிடிக்கப் பல நாட்கள் ஆகக்கூடும்.